மீதியிலிருந்து தொடங்குங்கள்: கற்பனை உலகிற்கு நாட்காட்டி அமைக்கும் முழுமையான வழிகாட்டி

மிகுபுனைவுக் கதை எழுதுகிறவர்கள் தங்கள் உலகின் வரைபடத்திற்காக மாதக்கணக்கில் உழைக்கிறார்கள். ஆறு எந்த மலையில் பிறக்கிறது, எந்தக் கணவாய் வழியாகப் படை வரும், துறைமுகம் ஏன் அந்த இடத்தில் அமைந்தது என்று பார்த்துப் பார்த்துச் செய்கிறார்கள். நாட்காட்டி என்று வரும்போது மட்டும், ஆண்டுக்கு 360 நாள், 12 மாதம், மாதத்திற்கு 30 நாள் என்று ஒரே வரியில் எழுதி முடித்துவிடுகிறார்கள். என் முதல் நெடுங்கதைக்கு நானும் அப்படித்தான் செய்தேன். எழுதி முடித்த பிறகு உட்கார்ந்து நாள்களை எண்ணிப் பார்த்தபோது, ஏழாம் அத்தியாயத்தில் முழுநிலவில் காதலர்கள் சந்திக்கிறார்கள், கதைப்படி ஆறே நாள் கழித்து வரும் பதினோராம் அத்தியாயத்தில் மறுபடியும் முழுநிலவில் படகு புறப்படுகிறது என்பது தெரிந்தது. அதைத் திருத்தப் போய்த்தான் நாட்காட்டி என்ற பொருளுக்குள் நுழைந்தேன்.

அங்கே கற்றதில் முதன்மையானது ஒன்று உண்டு. வானத்தில் எதுவும் எதனாலும் மீதியில்லாமல் வகுபடுவதில்லை. நம் பூமியில் பருவங்கள் ஒரு சுற்றுச் சுற்றி வர 365.2422 நாள் ஆகிறது. ஓர் அமாவாசையிலிருந்து அடுத்த அமாவாசைக்குச் சராசரியாக 29.53059 நாள் ஆகிறது. பன்னிரண்டு நிலவு மாதங்களைக் கூட்டினால் ஏறத்தாழ 354.37 நாள்தான் வருகிறது. ஆண்டு முடிய இன்னும் சுமார் 11 நாள் மீதி நிற்கிறது. இந்த 11 நாளை என்ன செய்வது என்ற கேள்விக்கு ஒவ்வொரு சமூகமும் சொன்ன விடைதான் அதன் நாட்காட்டி. இசுலாமிய நாட்காட்டி அந்த மீதியைச் சேர்த்துக்கொள்வதே இல்லை. ஆகவே ரமலான் மாதம் ஏறத்தாழ 33 ஆண்டில் எல்லாப் பருவங்களையும் சுற்றி வருகிறது. யூத நாட்காட்டி 19 ஆண்டுகளில் ஏழு முறை ஒரு கூடுதல் மாதத்தைச் சேர்த்து மீதியை அடைக்கிறது. பண்டை எகிப்தியர் நிலவையே விட்டுவிட்டு, 12 முப்பதுகளோடு ஐந்து நாளைச் சேர்த்து 365 ஆக்கினார்கள். விட்டுப்போன கால் நாள், நான்கு ஆண்டுக்கு ஒரு நாள் வீதம் அவர்களுடைய புத்தாண்டைப் பருவத்திலிருந்து நகர்த்திக்கொண்டே போனது. தமிழ் நாட்காட்டி, சூரியன் ஒவ்வோர் இராசிக்குள் நுழைவதையும் மாதப் பிறப்பாகக் கொண்டு, நிலவைத் திதிகளுக்கும் விழாக்களுக்கும் வைத்துக்கொண்டது.

ஆகவே உங்கள் கற்பனை உலகின் நாட்காட்டியை அமைக்கும்போது, எண்களைச் சமன் செய்ய முயலாமல், எங்கே மீதி விழுகிறது என்று தேடுங்கள் என்பதே நான் சொல்ல வருவது. கதை அந்த மீதியில்தான் கிடைக்கிறது. கீழே வரும் படிகள் எல்லாவற்றுக்கும் ஒரே எடுத்துக்காட்டைப் பயன்படுத்துகிறேன். ஆழிமுக நாடு என்று ஒரு கற்பனை நாடு. பெரிய ஆறு கடலில் கலக்கும் இடத்தில் உப்பளங்களும் மீனவர் குடியிருப்புகளும் உள்ள தாழ்ந்த நிலம். அதற்கு மேற்கே மலைநாடு; அங்கேதான் அரசனும் கருவூலமும் இருக்கின்றன.

முதல் படி: நாளை எண்ணுகிறவர் யார் என்று முடிவு செய்யுங்கள்

நாட்காட்டியை யாரோ ஒருவர் ஏதோ ஒரு தேவைக்காகத் தொடங்கியிருப்பார். உழவருக்கு விதைக்கும் நாள் வேண்டும். ‘ஆடிப்பட்டம் தேடி விதை’ என்ற பழமொழியில் பருவம், வேலை, மாதப்பெயர் மூன்றும் சேர்ந்தே இருக்கின்றன. மீனவருக்கு ஏற்றவற்றம் வேண்டும். கோயிலுக்கு விழா நாள் வேண்டும். அரசு அலுவலகத்திற்கு வரி கட்டும் நாள் வேண்டும்.

இவர்கள் எல்லோரும் ஒரே நாட்காட்டியைப் பயன்படுத்த வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. தஞ்சைப் பெரிய கோயில் விமானத்தின் உச்சிக்கு முதலாம் இராசராசன் பொன்தகடு போர்த்த செப்புக்குடம் அளித்த நாளைக் கல்வெட்டு எப்படிக் குறிக்கிறது என்று பாருங்கள்: யாண்டு இருபத்தைந்து, நாள் இருநூற்று எழுபத்தைந்து. அங்கே மாதத்தின் பெயரே இல்லை. அரசனுடைய ஆட்சி தொடங்கியதிலிருந்து ஆண்டையும், அந்த ஆண்டுக்குள் நாளையும் எண்ணும் அலுவலகக் கணக்கு அது. அதே காலத்தில் அதே ஊரின் உழவர்கள் மாதங்களையும் நட்சத்திரங்களையும் வைத்துத்தான் வாழ்ந்திருப்பார்கள்.

ஆழிமுகத்தில் இரண்டு கணக்குகள் என்று வைத்துக்கொள்வோம். கடற்கரை மக்கள் நிலவை எண்ணுகிறார்கள். மலைநாட்டுக் கருவூலம் சூரியனை எண்ணுகிறது. இந்த இரண்டும் எங்கே உரசும் என்பது பின்னால் தானாக வெளிப்படும்.

இரண்டாம் படி: வானத்தின் எண்களைத் தேர்ந்தெடுங்கள்

மூன்று எண்கள் போதும்: நாளின் நீளம், ஆண்டில் எத்தனை நாள், நிலவின் சுற்றுக்கு எத்தனை நாள். நாளின் நீளத்தை நம்முடையது போலவே வைத்துக்கொள்ளுங்கள். அதை மாற்றினால் தூக்கம், பசி, நடைதூரம் எல்லாவற்றையும் மாற்றி எழுத வேண்டியிருக்கும், அதனால் கிடைக்கும் பயனோ மிகக் குறைவு. ஆண்டையும் நிலவையும் தயங்காமல் மாற்றலாம். இரண்டும் பின்னத்தோடு இருக்கட்டும்.

ஆழிமுக உலகில் ஆண்டுக்கு 340.2 நாள். பெருமதி என்ற பெரிய நிலவு ஒரு முழுநிலவிலிருந்து அடுத்ததற்கு 27.5 நாள் எடுத்துக்கொள்கிறது. இளமதி என்ற சிறிய நிலவுக்கு 11 நாள்.

இரண்டு நிலவு வைப்பவர்கள் பலர்; அவற்றின் உறவைக் கணக்கிட்டுப் பார்ப்பவர்கள் சிலரே. இங்கே இளமதியின் ஐந்து சுற்று 55 நாள், பெருமதியின் இரண்டு சுற்றும் 55 நாள். ஆகவே 55 நாளுக்கு ஒரு முறை இரண்டும் ஒரே இரவில் முழுநிலவாக எழும். அந்த இரவைக் கடற்கரை மக்கள் ‘முழுக்கூடல்’ என்கிறார்கள். நடுவில், 27 அல்லது 28 நாள் கழித்து, பெருமதி முழுதாக இருக்கும்போது இளமதி அமாவாசையில் இருக்கும். வானத்தில் ஒரு நிலவுதான் தெரியும். ஆனால் சூரியனும் இரண்டு நிலவுகளும் ஏறத்தாழ ஒரே கோட்டில் நிற்பதால் கடல் முழுக்கூடலில் ஏறியது போலவே ஏறும். நம் கடலிலும் அமாவாசை, பௌர்ணமி இரண்டிலுமே நீரேற்றம் மிகுவதற்கு இதுதான் காரணம். இந்த இரண்டாவது இரவு ‘ஒற்றைக்கூடல்’. வெளியூரிலிருந்து வந்த ஒருவன், வானத்தில் ஒரே நிலவுதானே இருக்கிறது என்று நம்பித் தாழ்ந்த கரையில் கூடாரம் போட்டால் என்ன ஆகும் என்று எண்ணிப் பாருங்கள். இரண்டு எண்களைக் கூட்டிக் கழித்ததிலேயே ஒரு காட்சி கிடைத்துவிட்டது.

மூன்றாம் படி: மீதியைக் கண்டுபிடித்து அதற்கு ஒரு விதி செய்யுங்கள்

இது வழிகாட்டியின் நடுப்பகுதி. பொறுமையாகச் செய்யுங்கள், ஒரு தாளும் பேனாவும் போதும்.

பெருமதியின் 12 மாதம் 330 நாள். 27 நாள் மாதமும் 28 நாள் மாதமும் மாறி மாறி வந்தால் அரை நாள் சிக்கல் தீர்ந்துவிடுகிறது. ஆண்டு முடிய 10.2 நாள் மீதி. முதல் ஆண்டு முடிவில் நாட்காட்டி பருவத்தைவிட 10.2 நாள் முந்திவிடும். இரண்டாம் ஆண்டில் 20.4, மூன்றாம் ஆண்டில் 30.6. இது ஒரு மாதத்தைத் தாண்டிவிட்டதால் பதின்மூன்றாவதாக ஒரு திங்களைச் சேர்க்கிறோம், 27.5 போக 3.1 மிஞ்சுகிறது. நான்காம் ஆண்டில் 13.3, ஐந்தில் 23.5, ஆறில் 33.7, மறுபடி ஒரு திங்கள் சேர்க்க, 6.2 மிஞ்சுகிறது. ஏழில் 16.4, எட்டில் 26.6. இது ஒரு மாதத்திற்குச் சற்றே குறைவுதான். இருந்தாலும் இங்கேயும் ஒரு திங்களைச் சேர்த்துவிட்டால் கணக்கு ஏறத்தாழ சுழியத்திற்கு வந்துவிடும். ஆக, எட்டு ஆண்டுக்கு மூன்று கூடுதல் திங்கள், மூன்றாம், ஆறாம், எட்டாம் ஆண்டுகளில் என்பது விதி. எழுத்தறியாத ஒரு மீனவக் கிழவி கூட விரலில் எண்ணிச் சொல்லக்கூடிய விதி இது. விதி அந்த அளவுக்கு எளிமையாக அமைந்தால்தான் மக்கள் அதை நூற்றாண்டுக்கணக்கில் காப்பாற்றுவார்கள்.

ஆனால் இந்த விதியிலும் ஒரு மீதி இருக்கிறது. எட்டு ஆண்டு என்பது 2721.6 நாள், 99 திங்கள் என்பது 2722.5 நாள். 0.9 நாள் கூடுதல். ஒரு மனிதனின் வாழ்நாளில் இதை யாரும் கவனிக்க மாட்டார்கள். 240 ஆண்டில் அது 27 நாளாகப் பெருகி, புதுவெள்ளம் வந்து ஏறத்தாழ ஒரு திங்கள் கழித்தே புதுவெள்ள விழா வரும் நிலை உண்டாகும். அப்போது ஒரே ஒரு கூடுதல் திங்களை விட்டுவிட்டால் பிழை அரை நாளாகச் சுருங்கிவிடும். இந்த 240 என்ற எண்ணை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

மலைநாட்டுக் கருவூலத்திற்கு இந்தத் தொல்லை எதுவும் இல்லை. அவர்களுக்கு ஆண்டு 340 நாள். ஐந்து ஆண்டுக்கு ஒரு மிகைநாள்.

கூடுதல் திங்களுக்கு ஒரு குணம் கொடுக்க மறக்காதீர்கள். எங்கும் மக்கள் கூடுதல் காலத்தை மற்ற காலத்தைப் போல நடத்தியதில்லை. இரண்டு அமாவாசையோ இரண்டு பௌர்ணமியோ வரும் மாதத்தை மலமாதம் என்று நம் ஊரில் திருமணத்திற்கு ஒதுக்கி வைப்பதை நீங்களே பார்த்திருப்பீர்கள். ஆழிமுகத்தில் பதின்மூன்றாம் திங்களின் பெயர் ‘ஆளில்லாத் திங்கள்’. அந்தத் திங்களில் வட்டி ஓடாது, வழக்கு எடுபடாது, கடனுக்காக உப்பளத்தில் கட்டுண்டு வேலை செய்கிறவர் தன் ஊருக்குப் போய்வரலாம்.

நான்காம் படி: நிலத்தின் பருவத்தோடு பொருத்துங்கள்

வசந்தம், கோடை, இலையுதிர், குளிர் என்ற நான்கு பருவங்களை எல்லா உலகங்களுக்கும் தூக்கிக்கொண்டு போவது மிகப் பரவலான தவறு. பழந்தமிழ் இலக்கணம் ஆண்டைக் கார், கூதிர், முன்பனி, பின்பனி, இளவேனில், முதுவேனில் என்று ஆறு பெரும்பொழுதாகப் பிரித்தது. ஆவணியும் புரட்டாசியும் கார். மழையை எதிர்பார்த்து வாழும் நிலத்தின் பகுப்பு அது. ஆடிப் பதினெட்டில் காவிரிக்கரையில் கொண்டாட்டம் நடப்பது, தென்மேற்குப் பருவமழை குடகில் பெய்து, அந்த நீர் கீழே இறங்கி வருவதால்தான். கரையில் நின்று படையல் போடும் ஊரில் அன்றைக்கு மழை பெய்திருக்க வேண்டும் என்பதுகூட இல்லை.

ஆழிமுகத்தின் ஆண்டு புதுவெள்ளத்தில் தொடங்குகிறது. வெள்ள நீர் கலங்கலாக வந்து கழிமுகத்தில் உப்பு நீரைத் தள்ளிய பிறகு, மேற்கு வானில் முதலில் தெரியும் பெருமதிப் பிறையே புத்தாண்டு. உப்பளங்கள் வெள்ளக் காலத்தில் கிடையாகக் கிடக்கும். நீர் வடிந்த பிறகு பாத்தி கட்டி, கடல்நீர் பாய்ச்சி, வெயிலேறிய பின்தான் உப்பு விளையும். தூத்துக்குடியிலும் வேதாரண்யத்திலும் வடகிழக்குப் பருவமழையில் உப்பு உற்பத்தி நின்று மழை ஓய்ந்த பிறகு தொடங்குவதைக் கண்டவர்களுக்கு இந்தச் சுழற்சி புதிதல்ல.

ஐந்தாம் படி: வாரம்

வாரத்தை வானம் தருவதில்லை. சந்தையோ சமயமோ தருகிறது. சாவகத்தில், அதாவது இந்தோனேசியாவின் ஜாவா தீவில், ஐந்து நாள் சந்தைச் சுற்று ஒன்று ஏழு நாள் வாரத்தோடு பின்னி 35 நாளுக்கு ஒரு முறை ஒன்றுகூடுகிறது. நைசீரியாவின் இக்போ மக்களுக்கு நான்கு நாள் சந்தைச் சுற்று உண்டு.

நம் ஏழு நாள் வாரத்தின் வரிசைகூட ஒரு மீதியில் பிறந்ததுதான். வானத்தில் மெதுவாக நகர்வதிலிருந்து வேகமாக நகர்வது வரை பழையவர்கள் அடுக்கிய வரிசை சனி, வியாழன், செவ்வாய், ஞாயிறு, வெள்ளி, புதன், திங்கள். ஒரு நாளின் 24 மணிகளையும் இந்த வரிசைப்படி ஒவ்வொரு கோளுக்கும் கொடுத்துக்கொண்டே போனால், 24-ஐ 7-ஆல் வகுக்க மீதி 3 வருவதால், அடுத்த நாளின் முதல் மணி மூன்று இடம் தள்ளியுள்ள கோளுக்குப் போகிறது. சனியிலிருந்து மூன்று தள்ளினால் ஞாயிறு, அங்கிருந்து மூன்று தள்ளினால் திங்கள், அடுத்து செவ்வாய். கிழமைகள் வந்துவிட்டன. வரிசை ஏன் இப்படி என்று கிழமைகளின் பெயரைச் சொல்கிறவர்கள் யாரும் யோசிப்பதில்லை. உங்கள் உலகிலும் காரணம் மறந்துபோன ஒரு வரிசை இருந்தால், அந்த உலகம் கதைக்கு முன்பே நெடுநாள் வாழ்ந்ததாகத் தோன்றும்.

ஆழிமுகத்தில் ஐந்து நாள் சுற்று: உப்புச்சந்தை, மீன்சந்தை, நெற்சந்தை, ஆட்டுச்சந்தை, ஐந்தாவதாகச் சந்தை இல்லாத வெறுநாள். கருவூலத்தின் 340 நாள் ஐந்தால் சரியாக வகுபடுவதால், ஐந்தாண்டுக்கு ஒரு முறை வரும் மிகைநாளை எந்தச் சந்தையிலும் சேர்க்காமல் விட்டுவிட்டால், ஆண்டின் ஒவ்வொரு தேதியும் எப்போதும் ஒரே சந்தை நாளில் விழும்.

இதே உத்தியைக் கையாண்ட புகழ்பெற்ற கற்பனை நாட்காட்டி ஒன்று உண்டு. ஆங்கில எழுத்தாளர் டோல்கீனின் கதைகளில் குறுமனிதர்கள் வாழும் ஷயர் நாட்டில் 30 நாள் மாதங்கள் 12. அவற்றுக்கு வெளியே ஆண்டின் எல்லையில் இரண்டு நாளும் நடுவில் மூன்று நாளும் உள்ளன. நடுவாண்டு நாளுக்குக் கிழமை கிடையாது. மிஞ்சும் 364 நாள் சரியாக 52 வாரம். இதனால் எந்த மாதமும் வெள்ளிக்கிழமையில் தொடங்காது. ஆகவே ‘முதல் தேதி வெள்ளிக்கிழமை’ என்றால் ஒருபோதும் வராத நாள் என்று அம்மக்கள் வேடிக்கையாகச் சொல்வார்களாம். நாம் பிப்ரவரி 30 என்று சொல்வது போல. கணக்கிலிருந்து பேச்சுமொழி பிறக்கும் இந்த இடம்தான் எனக்கு அந்த நாட்காட்டியில் மிகப் பிடித்தது.

ஆறாம் படி: பெயர்கள்

பிரெஞ்சுப் புரட்சியாளர்கள் 1793-இல் கொண்டுவந்த நாட்காட்டியில் மாதப்பெயர்களை அமைத்தவர் ஃபாப்ர் தெக்லாந்தீன் என்ற கவிஞர். மூடுபனி, வெப்பம், கனி என்று இயற்கையை வைத்துப் பெயரிட்டதோடு, ஒவ்வொரு பருவத்தின் மூன்று மாதங்களுக்கும் ஒரே ஒலியில் முடியும் பெயர்களை அமைத்தார். இலையுதிர் மாதங்கள் மூன்றும் ‘ஏர்’ என்று முடியும், கோடை மாதங்கள் மூன்றும் ‘தோர்’ என்று முடியும். பெயரைக் கேட்டாலே பருவம் தெரிந்துவிடும். அழகான வேலை அது. ஆனாலும் அந்த நாட்காட்டி 1805-ஆம் ஆண்டின் முடிவோடு கைவிடப்பட்டது. ஏழு நாளுக்கு ஒரு முறை இருந்த ஓய்வைப் பத்து நாளுக்கு ஒரு முறையாக்கியதை உழைக்கிறவர்கள் எப்படி ஏற்றிருப்பார்கள்?

எனவே அழகைவிட வழக்கைப் பாருங்கள். ஆழிமுகத்தில் வேலைகளே மாதங்களுக்குப் பெயர்: கலங்கல், வடிநீர், பாத்திகட்டு, உப்புப்பூ, வெண்குவியல், நண்டுவளை. பன்னிரண்டும் ஒரே அச்சில் வார்த்தது போல இருக்க வேண்டாம். ஒன்றிரண்டு பெயர்கள் பொருள் இழந்தவையாக இருக்கட்டும். செப்டம்பர் என்றால் ஏழாவது என்று பொருள், ஆனால் அது ஒன்பதாம் மாதமாக நிற்கிறது. ஒன்று ஏதாவது ஓர் அரசனின் பெயராக இருக்கலாம். உரோமில் ஐந்தாவது என்ற பெயரில் இருந்த மாதம் கி.மு. 44-இல் சூலியஸ் சீசரின் பெயரைப் பெற்றது.

நாழிகை, முழுநிலவு, பிறை போன்ற சொற்களை மாற்றாதீர்கள். வாசகருக்குத் தெரிந்த சொல் இருக்கும் இடத்தில் புதுச்சொல்லைத் திணித்தால் அவர் அகராதியைத் தேடுவார், கதையை விட்டுவிடுவார்.

ஏழாம் படி: ஆண்டை எண்ணும் முறை

‘பேரழிவுக்குப் பின் 1247’ என்பது போன்ற ஒற்றைத் தொடர்க்கணக்கைத்தான் பெரும்பாலோர் வைக்கிறார்கள். வரலாற்றில் அது அரிது. கலி, சகம், கொல்லம் என்று பல தொடக்கங்கள் ஒரே நிலத்தில் அருகருகே இருந்திருக்கின்றன, கி.பி. 825-இல் தொடங்கும் கொல்லம் ஆண்டு கேரளத்தில் இன்றும் வழங்குகிறது. பாண்டியர் கல்வெட்டுகளில் ‘இரண்டாவதின் எதிர் ஐந்தாவது’ என்பது போல ஆட்சியாண்டை இரண்டு துண்டாகச் சொல்லும் வழக்கமும் உண்டு. அங்கே இரண்டையும் ஐந்தையும் கூட்டி ஏழாம் ஆண்டு என்று கொள்ள வேண்டும். இப்படி ஒரு வாசகத்தை உங்கள் கதையின் பழஞ்சுவரில் பொறித்து வைத்தால், அதைத் தவறாகப் படித்த ஒருவனும் சரியாகப் படித்த ஒருத்தியும் இரண்டு வேறு ஆண்டுகளில் புதையலைத் தேடுவார்கள்.

நம் அறுபது ஆண்டுச் சுற்றும் இத்தகைய வளம் நிறைந்ததுதான். பிரபவ 1987-இல் பிறந்தது. அதற்கு 60 ஆண்டு முன்னும் பிரபவதான். ஆண்டின் பெயரை மட்டும் எழுதி எண்ணை எழுதாத ஒரு நிலப்பத்திரம், பாட்டனுடையதா பேரனுடையதா என்ற வழக்கை எழுப்பிவிடும். ஆழிமுகத்தின் எட்டு ஆண்டுச் சுற்றிலும் ஒவ்வோர் ஆண்டுக்கும் பெயர் உண்டு. எட்டே பெயர்கள் என்பதால் குழப்பம் ஒரே தலைமுறைக்குள் பலமுறை வரும்.

வயதையும் இங்கேயே சரிபாருங்கள். ஆழிமுகத்தில் இருபது வயது என்பது 6804 நாள். நம் கணக்கில் பதினெட்டரை வயதுக்குச் சற்று மேல். ஆண்டு இன்னும் குறுகியதாக இருந்தால் வேறுபாடு பெருகும். உங்கள் வீரன் சிறுவனாகிவிடுவான்.

எட்டாம் படி: திருத்தமும் பூசலும்

நாட்காட்டி நழுவும், யாராவது திருத்த முயல்வார்கள், யாராவது எதிர்ப்பார்கள். தை முதல் நாளை உத்தராயணத் தொடக்கமாகக் கொண்டாடுகிறோம், ஆனால் சூரியன் வடக்கே திரும்புவது டிசம்பர் 21, 22 வாக்கிலேயே நடந்துவிடுகிறது. நட்சத்திரங்களை வைத்து எண்ணும் ஆண்டு, பருவத்தை வைத்து எண்ணும் ஆண்டைவிட ஏறத்தாழ 20 நிமிடம் நீளமானது; அந்த 20 நிமிடம் சேர்ந்து சேர்ந்து 70 ஆண்டுக்கு ஒரு நாள் வீதம் இவ்வளவு தூரம் விலக்கிவிட்டது. வாக்கியப் பஞ்சாங்கம், திருக்கணிதப் பஞ்சாங்கம் இரண்டும் இன்றும் வழக்கில் இருப்பதால், சில விழாக்கள் இரண்டு வேறு நாளில் வருவதையும் காண்கிறோம்.

திருத்தங்கள் எப்போதும் பணத்தைத் தொடும் என்பதை மறக்க வேண்டாம். கூடுதல் மாதத்தைச் சேர்க்கும் அதிகாரம் உரோமில் குருமார்களிடம் இருந்தபோது, பதவியில் இருப்பவர் வேண்டியவரா வேண்டாதவரா என்பதைப் பொறுத்து ஆண்டு நீண்டது, குறைந்தது. அந்தக் குழப்பத்தைத் தீர்க்கக் கி.மு. 46-ஆம் ஆண்டை 445 நாளாக நீட்ட வேண்டியிருந்தது. 1582-இல் போப் பதின்மூன்றாம் கிரகோரியின் நாட்காட்டித் திருத்தப்படி அக்டோபர் 4-க்கு அடுத்த நாள் 15 ஆயிற்று. பிரிட்டன் அதை ஏற்க 1752 வரை எடுத்துக்கொண்டு, செப்டம்பர் 2-க்கு அடுத்த நாளை 14 ஆக்கியது. விட்டுப்போன 11 நாளால் வரியாண்டு குறைந்துவிடக் கூடாது என்று அதன் தொடக்கத்தை நகர்த்தினார்கள்; அந்நாட்டின் வரியாண்டு இன்றும் ஏப்ரல் 6-ஆம் தேதிதான் பிறக்கிறது.

இப்போது ஆழிமுகத்தின் 240-ஆம் ஆண்டுக்கு வாருங்கள். விழா வெள்ளத்தைவிட்டு 27 நாள் விலகிவிட்டது. கருவூலத்துக் கணக்கர்கள், இந்த முறை எட்டாம் ஆண்டின் கூடுதல் திங்களை விட்டுவிடலாம் என்று ஆணை எழுதுகிறார்கள். வானியல்படி அவர்கள் சொல்வது முற்றிலும் சரி. ஆனால் அவர்கள் அழிப்பது, வட்டி ஓடாத அந்த ஆளில்லாத் திங்களை.

ஒன்பதாம் படி: தொடர்நாள் அட்டவணை

இது உங்களுக்கு மட்டுமான கருவி. உங்கள் உலகில் ஒரு நாளைத் தேர்ந்து சுழியம் என்று வையுங்கள். அதிலிருந்து ஒவ்வொரு காட்சிக்கும் தொடர் எண் கொடுங்கள். வானியலாளர்கள் கி.மு. 4713-இலிருந்து எண்ணும் சூலியன் நாள் எண்ணும், நம் பஞ்சாங்கக் கணிதர்கள் கலியுகத் தொடக்கத்திலிருந்து எண்ணும் நாட்தொகையும் இதே வேலையைத்தான் செய்கின்றன. விரிதாளில் ஒரு பத்தி போதும். மற்றவை எல்லாம் வகுத்து மீதி காண்பதுதான்.

சுழிய நாளில் முழுக்கூடல், உப்புச்சந்தை, புதுவெள்ளம் மூன்றும் ஒன்றாக வந்தன என்று கொள்வோம். 1000-ஆம் நாள் இரவில் ஒரு காட்சி. 55-ஆல் வகுக்க மீதி 10. கூடல் முடிந்து பத்து நாள். 11-ஆல் வகுத்தாலும் மீதி 10. இளமதி முழுதாக இன்னும் ஒரு நாள். 5-ஆல் வகுக்க மீதி இல்லை, உப்புச்சந்தை. இரண்டு ஆண்டுக்கு 680.4 நாளைக் கழித்தால், மூன்றாம் ஆண்டின் 320-ஆம் நாள் வாக்கில் நிற்கிறோம். வெள்ளம் வர இன்னும் இருபது நாள், ஆறு வற்றிக் கிடக்கிறது.

நிலவு எழும் நேரத்திற்கு ஒரு சூத்திரம் உண்டு. ஒரு நாளின் நீளத்தை, நிலவின் சுற்றிலிருந்து ஒன்றைக் கழித்து வரும் எண்ணால் வகுத்தால், அது நாள்தோறும் எவ்வளவு தாமதமாக எழும் என்பது கிடைக்கும். நம் நிலவுக்கு இது சுமார் 50 நிமிடம். நாளுக்கு 60 நாழிகை என்று கொண்டால் பெருமதிக்கு இரண்டேகால் நாழிகை, இளமதிக்குச் சரியாக ஆறு நாழிகை. முழுநிலவு சூரியன் மறையும்போது எழும் என்பதால், 1000-ஆம் நாளில் பொழுது சாயும்போது இளமதி கிழக்கே ஏற்கெனவே ஓரளவு உயர்ந்திருக்கும். பெருமதி தேய்ந்த பிறையாக விடியலுக்கு ஏழு நாழிகை முன்புதான் எழும். பூமியில் கதை நடந்தாலும் இதைச் சரிபாருங்கள். வளர்பிறையின் மெல்லிய கீற்று நள்ளிரவில் தலைக்கு மேல் நிற்பதாக எழுதும் பிழை அச்சில் வந்த கதைகளிலேயே நிறைய இருக்கிறது; அந்தக் கீற்று மாலையில் மேற்கே தெரிந்து, சற்று நேரத்தில் மறைந்துவிடும்.

கள்வனுக்கு இருட்டு வேண்டுமா? கூடலுக்குப் பிறகு பதினாறாம் நாள் இரவைப் பாருங்கள். இளமதி ஏறத்தாழ அமாவாசையில். பெருமதி மெல்லிய பிறையாக ஆறு நாழிகைக்குள் மறைந்துவிடும். அதற்குப் பிறகு விண்மீன்கள் மட்டுமே.

பத்தாம் படி: கதைக்குள் கொண்டுவருதல்

இவ்வளவு கணக்கையும் செய்த பிறகு, அதில் பத்தில் ஒரு பங்கை மட்டும் வாசகருக்குக் காட்டுங்கள். அத்தியாயத் தலைப்பில் நீண்ட தேதியைப் போடுவது எனக்கு உவப்பானதல்ல. வாசகர் அதைத் தாண்டிப் போய்விடுகிறார். நாட்காட்டி மக்களின் வாயிலிருந்து வரட்டும். இருபத்திரண்டு நாள் ஆயிற்று என்று ஆசிரியர் சொல்வதற்குப் பதிலாக, திண்ணையில் உட்கார்ந்திருக்கும் தாய் சொல்லட்டும்: “இளமதி ரெண்டு தடவ பெருத்து இளைச்சுட்டா. அவன்கிட்டேருந்து ஒரு ஓலை வரலையே.” ஏமாளியைக் குறித்து, “வெறுநாள்ல சந்தைக்குப் போனவன்” என்று ஒருவர் சொல்லட்டும். இளமதிக்கு 11 நாள் என்பதையும் வெறுநாளில் சந்தை இல்லை என்பதையும் எங்கும் விளக்கத் தேவையில்லை. இரண்டு மூன்று இடங்களில் சரியாகப் பயன்படுத்தினால் வாசகரே கணக்கிட்டுக்கொள்வார்.

பெரிய செய்தியைச் சொல்லும்போதும் இதுவே வழி. கருவூலத்தின் ஆணையை வாசிக்கும் காட்சியை உப்புச்சந்தையில் வையுங்கள். அலுவலர் ஓலையைப் படிக்கிறார்: விழா வெள்ளத்தோடு ஒன்றுபடும் பொருட்டு இவ்வாண்டு ஆளில்லாத் திங்கள் நீக்கப்படுகிறது. கூட்டத்தில் பெரும்பாலோருக்கு அது புரியவில்லை. வணிகர்கள் சிலர் மனத்துக்குள் வட்டியைக் கணக்கிடுகிறார்கள். காலில் உப்பு பூத்த ஒரு கிழவர், போன ஆளில்லாத் திங்களில் பேத்தியைத் தூக்கி வைத்திருந்தவர், முன்னே வந்து கேட்கிறார்: “அப்போ நான் எப்போங்கய்யா ஊருக்குப் போறது?”